கேஜன் இசைக்குப் புதியவரா? ட்யூயி பால்ஃபாவிடமிருந்து தொடங்குங்கள்

கேஜன் இசை என்பது அமெரிக்காவின் லூயிசியானா மாநிலத்தில் பிரெஞ்சு பேசிய மக்களின் ஆட்ட இசை. அதை முதல் தடவை கேட்கிறவர்கள் பெரும்பாலும் இரண்டு கேள்வி கேட்பார்கள். பாடுகிறவர் ஏன் இப்படி உச்சத்திலேயே நிற்கிறார்? எல்லாப் பாட்டும் ஒரே மாதிரி இருக்கிறதே, எப்படிப் பிரித்து அறிவது? எனக்கும் முதலில் அப்படித்தான் இருந்தது. நாலைந்து பாட்டு கேட்டுவிட்டு மூடி வைத்துவிட்டேன். பிறகு ட்யூயி பால்ஃபா என்ற ஃபிடில் கலைஞரின் வாழ்க்கையைப் படித்துவிட்டுத் திரும்பக் கேட்டபோது அதே பாட்டுகள் வேறாகக் கேட்டன. அதனால் புதியவர்களுக்கு நான் சொல்லும் வழி இதுதான்: இசை வகையைப் பிடிக்காதீர்கள், ஒரு மனிதரைப் பிடித்துக்கொண்டு உள்ளே போங்கள். இந்த இசை காப்பாற்றப்பட்டது அருங்காட்சியகத்தில் அல்ல. ஒருவர் வீட்டுக்கு இன்னொருவர் போய், முழங்காலோடு முழங்கால் இடிக்க உட்கார்ந்து வாசித்ததால்தான் அது பிழைத்தது. நீங்களும் அதே முறையில்தான் கற்றுக்கொள்ளப் போகிறீர்கள்.

படி 1: ஊரைத் தெரிந்துகொள்ளுங்கள்

அமெரிக்காவின் லூயிசியானா மாநில வரைபடத்தைத் திறந்து நியூ ஆர்லியன்ஸிலிருந்து மேற்கே வாருங்கள். லஃபயெட் நகரம் வரும். அங்கிருந்து வடமேற்கே யூனிஸ், மாமூ, வில் ப்ளாட் என்று சின்ன ஊர்கள். தட்டையான புல்வெளி பூமி, நெல் விளைகிற நிலம். அறுவடை முடிந்த வயலில் தண்ணீர் கட்டி கிராஃபிஷ் என்ற நன்னீர் இறால் வளர்ப்பார்கள். சுற்றுலா அட்டைகளில் கேஜன் என்றால் சதுப்பு நிலமும் முதலையும்தான் இருக்கும். ஆனால் இந்தக் கட்டுரையில் வரும் கலைஞர்களில் பலர் இந்த நெல்வயல் பக்கத்து ஆட்கள்.

இவர்களின் முன்னோர், இன்றைய கனடாவின் நோவா ஸ்கோஷியா பகுதியில், அகேடியா என்று அழைக்கப்பட்ட நிலத்தில், 17ஆம் நூற்றாண்டில் குடியேறிய பிரெஞ்சு விவசாயிகள். 1755இல் பிரிட்டிஷ் அரசு அவர்களைக் கப்பலேற்றித் துரத்தியது. குடும்பங்கள் பிரிந்தன, பலர் வழியிலேயே இறந்தார்கள். 1760களில் ஒரு பகுதியினர் லூயிசியானா வந்து சேர்ந்தார்கள். 1785இல் பிரான்ஸிலிருந்து ஏழு கப்பல்களில் சுமார் 1,600 பேர் வந்தார்கள். 'அகேடியன்' என்ற சொல்தான் வாய்வழக்கில் தேய்ந்து 'கேஜன்' ஆயிற்று.

ஆனால் இசை அவர்களுடையது மட்டும் அல்ல. இதை ஆரம்பத்திலேயே மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஃபிடில் பிரெஞ்சுக்காரர்களோடு வந்தது. அக்கார்டியன் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஜெர்மனியிலிருந்து வந்தது. தாளத்தின் துள்ளலிலும் குரலின் அழுகையிலும் அதே வயல்களில் உழைத்த, பிரெஞ்சு பேசிய கறுப்பின மக்களான கிரியோல்களின் பங்கு மிகப் பெரியது. அவர்களை விட்டுவிட்டுக் கேஜன் இசையைப் பற்றிப் பேசினால் பாதிக் கதையைத்தான் பேசுகிறோம்.

படி 2: காதைப் பழக்குங்கள்

ஒரு பாட்டைப் போட்டு, ஒவ்வொரு தடவையும் ஒரே ஒரு வாத்தியத்தை மட்டும் பின்தொடருங்கள்.

முதலில் அக்கார்டியன். பியானோ போன்ற கட்டைகள் கொண்ட பெரிய அக்கார்டியனை நினைக்காதீர்கள். இது சின்னப் பெட்டி. வலது கையில் ஒற்றை வரிசையில் பத்துப் பொத்தான்கள், மேலே இழுத்துவிடும் நான்கு குமிழ்கள். மவுத் ஆர்கனில் ஊதினால் ஒரு ஸ்வரம், உறிஞ்சினால் வேறு ஸ்வரம் வருமே, அதே போல இதிலும் துருத்தியைத் தள்ளினால் ஒன்று, இழுத்தால் இன்னொன்று. கை ஓயாமல் திசை மாற்றிக்கொண்டே இருப்பதால்தான் அந்த வெட்டு வெட்டான துள்ளல் வருகிறது.

அடுத்தது ஃபிடில். நம் ஊர் வயலின்தான். வாசிப்பவர் ஒரு தந்தியில் மெட்டை இழுக்கும்போது பக்கத்துத் தந்தியும் சேர்ந்து ஒலிக்கும். சுருதி தனியாக எங்கோ நிற்காமல் மெட்டோடு ஒட்டியே வருவது போல இருக்கும். இரண்டு ஃபிடில்கள் இருந்தால் ஒருவர் மெட்டு, மற்றவர் கீழ் ஸ்தாயியில் தாளத்தோடு தாங்கிப் பிடிப்பார். அந்த இரண்டாவது ஃபிடிலைத் தனியாகப் பிரித்துக் கேட்கத் தெரிந்துவிட்டால் பாதிக் கிணறு தாண்டிவிட்டீர்கள்.

அப்புறம் முக்கோணம். பிரெஞ்சில் அதற்கு 'சின்ன இரும்பு' என்று பெயர். பழைய காலத்தில் வைக்கோல் வாரும் இயந்திரத்தின் இரும்புப் பல்லை வளைத்துச் செய்தார்கள். கையால் மூடி ஒலியை அடைத்தும் திறந்தும் வாசிப்பார்கள். மிருதங்கமோ டிரம்ஸோ இல்லாத இடத்தில் ஆட்டத்தின் கால் இதுதான்.

பாட்டுகளில் பெரும்பாலானவை இரண்டே வகை: இரண்டு எண்ணிக்கையில் போகும் டூ-ஸ்டெப், மூன்று எண்ணிக்கையில் போகும் வால்ட்ஸ். திஸ்ர நடை பழகிய காதுக்கு வால்ட்ஸ் எளிதில் பிடிபடும். எல்லாமே ஆடுவதற்காகப் பிறந்தவை. வீட்டில் நாற்காலி மேசையை வெளியே தூக்கிப் போட்டுவிட்டு நடத்திய ஆட்டம் அது. குழந்தைகளைப் பக்கத்து அறையில் தூங்க வைப்பார்கள். ஆட்டத்துக்கே 'ஃபே டோ டோ' என்று ஒரு பெயர் உண்டு. குழந்தையிடம் 'தூங்கு, தூங்கு' என்று சொல்வதுதான் அது. ஒலிபெருக்கி இல்லாத கூட்டம், காலடி ஓசை, உரத்த அக்கார்டியன். இவற்றைத் தாண்டிக் கேட்க வேண்டும் என்றால் குரல் உச்சத்தில்தான் நிற்க வேண்டும். முதல் கேள்விக்கு இதுதான் பதில்.

படி 3: கேட்க வேண்டிய வரிசை

புதிய இசைக்குழுக்களிலிருந்து தொடங்கலாம் என்று சிலர் சொல்வார்கள். நான் பழையதிலிருந்தே தொடங்கச் சொல்வேன், கீறல் சத்தத்தையும் சேர்த்து.

முதல் கேஜன் இசைத்தட்டு 1928இல் நியூ ஆர்லியன்ஸில் பதிவானது: 'லஃபயெட்டுக்குப் போவோம்' என்று பொருள்படும் பாட்டு. ஜோ ஃபால்கன் அக்கார்டியன், கிளியோமா ப்ரோ கிதார். தொடக்கத்திலேயே ஒரு பெண் இருக்கிறார் என்பதைக் கவனியுங்கள்.

அடுத்து அமடே ஆர்டுவான். இங்கே நின்று நிதானமாகக் கேளுங்கள். கறுப்பின கிரியோல் அக்கார்டியன் கலைஞர். வெள்ளையரான டென்னிஸ் மெகீயின் ஃபிடிலோடு 1929இல் பதிவு செய்யத் தொடங்கினார். இருவரும் ஒன்றாக வாசித்ததே அந்தக் காலத்தில் சாதாரண விஷயம் இல்லை. 1934 வரை மொத்தம் 34 பாட்டுகள்தான் பதிவாயின. அந்த 34இலிருந்து பிறந்தவைதான் இன்று கேஜன் அக்கார்டியன்காரர்கள் வாசிக்கும் பல மெட்டுகள். ஆர்டுவான் 1942இல் பைன்வில்லில் இருந்த அரசு மனநல மருத்துவமனையில் இறந்தார். அந்தக் குரலைக் கேட்ட பிறகு யாரும் இந்த இசையை வெறும் கொண்டாட்ட இசை என்று சொல்ல முடியாது.

முப்பதுகளில் எண்ணெய்த் தொழிலும் வானொலியும் ஆங்கிலப் பாட்டும் வந்து அக்கார்டியனை ஓரம் தள்ளின. ஃபிடில்களும் கிதார்களும் கொண்ட தந்திவாத்தியக் குழுக்கள் மேலே வந்தன. 1946இல் ஹாரி சோட்ஸ் ஃபிடிலில் வாசித்துப் பாடிய 'ஜோலி ப்ளோன்' அந்தக் காலத்தின் பெரிய வெற்றி. இரண்டாம் உலகப் போர் முடிந்து ஊர் திரும்பிய இளைஞர்களுக்குப் பழைய ஒலி தேவைப்பட்டது. 1948இல் ஐரி லெஜூன் என்ற பார்வைக் குறைவுள்ள இளைஞர் அக்கார்டியனோடு வந்து அதைத் திருப்பித் தந்தார். 1955இல் சாலையோரத்தில் டயர் மாற்றும்போது கார் மோதி இறந்துபோனார். அவர் பாடும் வால்ட்ஸ் ஒன்றை இரவில் விளக்கை அணைத்துவிட்டுக் கேட்டுப் பாருங்கள்.

சைடிகோ என்று ஒரு இசையும் கேள்விப்படுவீர்கள். கிளிஃப்டன் ஷெனியே வளர்த்த கிரியோல் மக்களின் இசை அது. நெஞ்சில் மாட்டித் தேய்த்து வாசிக்கும் தகரப் பலகையும் ப்ளூஸ் இசையின் கனமும் சேர்ந்தது. கேஜனுக்கு உறவு, ஆனால் தனி வீடு. அதற்கு இன்னொரு நாள் ஒதுக்குங்கள்.

படி 4: ட்யூயி பால்ஃபாவோடு உட்காருங்கள்

இந்தப் படியில் அவசரப்படாதீர்கள். ஒரு வாரம் இவரை மட்டும் கேட்டாலும் தகும்.

ட்யூயி 1927இல் மாமூவுக்கு அருகே பிறந்தார். அப்பா விளைச்சலில் பங்கு கொடுத்து அடுத்தவர் நிலத்தில் பயிரிட்ட ஏழை விவசாயி, ஃபிடில் வாசிப்பவர். அண்ணன் தம்பிகள் எல்லோரும் வாசித்தார்கள். 1921இல் எழுதப்பட்ட லூயிசியானா அரசியல் சட்டம், பள்ளிகளில் ஆங்கிலம் மட்டும்தான் என்று சொன்னது. வீட்டில் பிரெஞ்சைத் தவிர வேறு எதுவும் தெரியாத பிள்ளைகள் பள்ளி மைதானத்தில் அதைப் பேசியதற்காக அடி வாங்கினார்கள், முட்டி போட்டார்கள், 'இனி பிரெஞ்சு பேச மாட்டேன்' என்று நூறு தடவை எழுதினார்கள். அந்தத் தலைமுறை வளர்ந்து பெற்றோர் ஆனபோது தங்கள் பிள்ளைகளிடம் பிரெஞ்சு பேசவில்லை. பிள்ளைகளாவது அடி வாங்காமல் இருக்கட்டும் என்ற எண்ணம். மொழி வெட்கமானபோது அந்த மொழியில் இருந்த பாட்டும் வெட்கமாயிற்று. அதைப் 'பட்டிக்காட்டு இரைச்சல்' என்று ஒதுக்கியவர்கள் வெளியூர்க்காரர்கள் மட்டும் இல்லை, சொந்த ஊர்க்காரர்களும்தான்.

1964இல் ரோட் ஐலண்டில் நடந்த நியூபோர்ட் நாட்டுப்புற இசை விழாவுக்கு லூயிசியானாவிலிருந்து ஒரு குழுவை அழைத்தார்கள். கிளேடியஸ் திபோடோ அக்கார்டியன், வைனஸ் லெஜூன் ஃபிடில். கிதாருக்கு ஆள் தேவைப்பட்டதால் கடைசி நேரத்தில் ட்யூயி போனார். ஃபிடில்காரர் கிதாரோடு போகிறார்! நம் மானம் போகப் போகிறது என்கிற பொருளில் உள்ளூர்ப் பத்திரிகை ஆசிரியர் ஒருவர் முன்கூட்டியே எழுதியிருந்தார். ஒரே இடத்தில் இருநூறு பேரைப் பார்த்திருப்பேனா என்பதே சந்தேகம் என்று ட்யூயி பிறகு சொல்வார். அங்கே 17,000 பேர் இருந்தார்கள். மேடையை விட்டு இறங்க விடவில்லை.

வேறொருவராக இருந்தால் அந்தக் கைதட்டலைப் பிடித்துக்கொண்டு வடக்கே போயிருக்கலாம். ட்யூயி வீடு திரும்பினார். அந்தக் கைதட்டலின் எதிரொலியைச் சொந்த ஊரில் கேட்க வைக்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை. இந்த முடிவுக்காகத்தான் அவரை எனக்குப் பிடிக்கும். அண்ணன் வில்லின் இரண்டாவது ஃபிடில், தம்பி ராட்னியின் கிதாரும் குரலும், ஹாட்லி ஃபான்டனோவின் அக்கார்டியன் என்று பால்ஃபா சகோதரர்கள் குழு உருவானது. வில் ப்ளாட்டில் ஃப்ளாய்ட் ஸ்வாலோ நடத்திய பதிவு நிறுவனத்தில், பழைய வீட்டு ஆட்ட முறையிலேயே பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். இரட்டை ஃபிடிலைக் கேட்கப் பழக அந்தப் பதிவுகளை விட நல்ல பாடப் புத்தகம் இல்லை.

பிழைப்புக்கு அவர் பள்ளிப் பேருந்து ஓட்டினார், மரச்சாமான் கடை நடத்தினார். பிரெஞ்சு பேசியதற்காகத் தன் தலைமுறையை அடித்த அதே பள்ளிகளுக்குள் எழுபதுகளில் ஃபிடிலோடு நுழைந்து பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டினார். 1968இல் மாநில அரசு பிரெஞ்சு மொழி வளர்ச்சிக்கென்று கோடோஃபில் என்ற அமைப்பை ஏற்படுத்தியது. அந்த அமைப்பின் ஆதரவில், நாட்டுப்புறவியலாளர் பாரி ஆன்சலே போன்ற இளைஞர்களோடு சேர்ந்து 1974 மார்ச் 26 அன்று லஃபயெட்டின் பிளாக்கம் அரங்கத்தில் கேஜன் இசைக்கு ஒரு பெரிய மரியாதை விழா நடத்தினார்கள். இன்று அக்டோபர் தோறும் லஃபயெட்டில் நடக்கும் 'ஃபெஸ்டிவல் அகேடியன் எ கிரியோல்' அதிலிருந்து வளர்ந்ததுதான்.

1979இல் ஒரு கார் விபத்தில் வில், ராட்னி இருவரும் இறந்தார்கள். அடுத்த ஆண்டு ட்யூயியின் மனைவி ஹில்டாவும் போய்விட்டார். ட்யூயி வாசிப்பதை நிறுத்தவில்லை. 1982இல் அமெரிக்காவின் தேசிய மரபுக் கலைஞர் விருது வந்தது. ஸ்டீவ் ரைலி என்ற மாமூ ஊர் இளைஞர் அவரோடு சுற்றி, அவரோடு வாசித்து வளர்ந்து, பின்னாளில் பெரிய அக்கார்டியன் கலைஞர் ஆனார். 1992இல் ட்யூயி இறந்தபோது மகள் கிறிஸ்டீன் 'பால்ஃபா தூஜூர்' என்ற குழுவைத் தொடங்கினார். 'என்றும் பால்ஃபா' என்று பொருள். முக்கோணத்தை மட்டுமே வாசித்து ஒரு முழு இசைத்தட்டு வெளியிட்டவரும் இவர்தான். அந்தச் சின்ன இரும்பில் எவ்வளவு இருக்கிறது என்று அதைக் கேட்டால் தெரியும்.

இப்போது இரண்டாவது கேள்விக்கு வருவோம். பால்ஃபா சகோதரர்கள் வாசித்த ஒரு வால்ட்ஸையும், அதே மெட்டைக் கிறிஸ்டீனோ ரைலியோ வாசித்ததையும் அடுத்தடுத்துப் போடுங்கள். மெட்டு ஒன்றுதான். ஃபிடிலின் வில்லை அழுத்தும் விதம், நிறுத்தும் இடம், குரல் உடையும் சொல் எல்லாம் வேறு. ஒரே ராகத்தை இரண்டு பாடகர்கள் பாடும்போது நாம் எதைக் கேட்போமோ அதைத்தான் இங்கேயும் கேட்க வேண்டும்.

படி 5: சில சொற்களைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்

பாரிஸ் பிரெஞ்சு தெரிந்தவர்களுக்கே இந்தப் பிரெஞ்சு திணறல்தான். ஆகவே நீங்கள் பயப்பட வேண்டாம். பாட்டுகளில் திரும்பத் திரும்ப வரும் சொற்கள் கொஞ்சம்தான். 'ஷேர்' என்றால் அன்பே. 'மல்யரூஸ்' என்றால் பாவப்பட்டவளே, துயரக்காரியே. 'கத்தேங்' என்றால் பொம்மை. காதலியைக் கொஞ்சிக் கூப்பிடும் சொல். பிரான்ஸில் அதே சொல்லுக்குக் கெட்ட பொருள் உண்டு, அங்கே போய்ப் பயன்படுத்திவிடாதீர்கள். 'ஆர்ஃபலேங்' என்றால் அனாதை. இந்தச் சொல் எத்தனை வால்ட்ஸ்களில் வருகிறது என்று எண்ணிப் பாருங்கள். துரத்தப்பட்ட மக்களின் பாட்டு என்பது அப்போது புரியும். 'உருளைக்கிழங்கைக் கைவிடாதே' என்று ஒரு பழமொழி இருக்கிறது. சோர்ந்துபோகிறவரிடம் 'விட்டுடாதே' என்று சொல்வது அது.

பாடப் பழகும்போது சொல்லின் ஒலியைப் பாடகரிடமிருந்தே எடுங்கள், எழுத்தைப் பார்த்து அல்ல. அந்த ஊர் இளைஞர்களில் பலரே முதலில் ஒலியாகப் பாடி, பிறகுதான் பாட்டனின் மொழியைக் கற்றுக்கொண்டார்கள்.

படி 6: வாத்தியம் எடுப்பது

ஏற்கெனவே வயலின் தெரியும் என்றால் ஃபிடிலில் தொடங்குங்கள். அக்கார்டியன் பெரும்பாலும் 'சி' சுருதியில் இருக்கும். அதோடு சேர, ஃபிடில்காரர்கள் பலர் நான்கு தந்திகளையும் ஒரு முழு ஸ்வரம் இறக்கிச் சேர்ப்பார்கள். தந்தி தளர்ந்தவுடன் ஒலியும் கனமாகிவிடும். முதல் மாதம் மெட்டைத் தொடாமல் இரண்டாவது ஃபிடிலை மட்டும் பழகுவது நல்லது. வில் பால்ஃபாவைக் கேட்டு அப்படியே செய்யுங்கள்.

அக்கார்டியன் வேண்டும் என்றால், 'சி' சுருதியில் ஒற்றை வரிசைப் பத்துப் பொத்தான் பெட்டி என்று கேட்டு வாங்குங்கள். இரண்டு மூன்று வரிசை உள்ளவை இதற்குச் சரிப்படாது. ஹோனர் நிறுவனத்தின் ஒற்றை வரிசைப் பெட்டி தொடங்குவதற்குப் போதும். லூயிசியானாவில் கையால் செய்யப்படும் பெட்டிகள் விலை அதிகம். அவற்றைச் செய்கிற பலர் காந்தாரத்தை ஒரு மயிரிழை இறக்கிச் சுருதி சேர்ப்பார்கள். அதனால்தான் பல ஸ்வரங்கள் சேர்ந்து ஒலிக்கும் ஒலிக்கூட்டு அவற்றில் அவ்வளவு இனிமை.

பெட்டி கைக்கு வந்ததும் இதைச் செய்யுங்கள். மேலிருந்து மூன்றாவது பொத்தானை அழுத்தித் துருத்தியைத் தள்ளினால் ச, இழுத்தால் ரி. நான்காவதில் தள்ளினால் க, இழுத்தால் ம. ஐந்தாவதில் தள்ளினால் ப, இழுத்தால் த. ஆறாவதில் வரிசை மாறும்: முதலில் இழுக்க வேண்டும், அது நி, பிறகு தள்ளினால் மேல் ச. சங்கராபரணத்தின் ஏழு ஸ்வரமும் கிடைத்துவிட்டது. எல்லோருக்கும் கை தடுமாறுவது ஆறாவது பொத்தானில்தான், ஒரு வாரம் அதிலேயே நில்லுங்கள். இடது கையில் இரண்டே கட்டைகள், ஒன்று அடி ஸ்வரம், மற்றது ஒலிக்கூட்டு. காற்றை விடுவதற்கு இடது கட்டைவிரலுக்கு ஒரு பொத்தான் இருக்கும். காற்று தீர்ந்துபோய்ப் பாதி மெட்டில் நிற்பதுதான் புதியவர்களின் முதல் தொல்லை, அந்தக் கட்டைவிரலைத் தூங்க விடாதீர்கள்.

நொட்டேஷன் தேடாதீர்கள். பதிவை மெதுவாக்கி, முதலில் வாயால் பாடி, மெட்டு வாயில் நின்ற பிறகு கையில் எடுங்கள். எதுவும் வாங்க முடியாதவர்கள் ஒரு முக்கோணம் வாங்கி, பால்ஃபா பதிவுகளோடு சேர்ந்து தட்டிப் பழகலாம். அதுவும் முழுமையான பாடம்தான்.

படி 7: கூடி வாசிக்கும் இடத்துக்குப் போவது

போக வாய்ப்பு உள்ளவர்களுக்கு இரண்டு இடம் சொல்கிறேன். ஒன்று, கிறிஸ்டீன் பால்ஃபா முன்னின்று தொடங்கிய லூயிசியானா ஃபோக் ரூட்ஸ் அமைப்பின் வசந்தகாலப் பயிற்சி முகாம். ட்யூயியின் பெயரில், 2001 முதல், வில் ப்ளாட் அருகே சீகோ பூங்காவில் நடந்து வந்தது. பகலில் வகுப்பு, இரவில் மரத்தடிகளில் விடிய விடிய வாசிப்பு. தேதியையும் இடத்தையும் முன்பே விசாரித்துக்கொள்ளுங்கள்.

மற்றது யூனிஸில் மார்க் சவுவாவின் இசைக்கடை. 1966இல் திறந்தது. முன்பக்கம் கடை, பின்னால் அவர் அக்கார்டியன் செய்யும் பட்டறை. அவரும் தேசிய மரபுக் கலைஞர் விருது பெற்றவர். மனைவி ஆன் சவுவா கிதார் கலைஞர், கேஜன் இசைக்காரர்களின் வாழ்க்கையையும் பாட்டுகளையும் திரட்டி 1984இல் பெரிய நூலாகத் தந்தவர். பல பத்தாண்டுகளாகச் சனிக்கிழமை காலையில் அந்தக் கடையில் எல்லோரும் கூடி வாசிக்கிறார்கள்.

உட்காரும் முறை ஒன்று உண்டு. அக்கார்டியன் ஒரு நேரத்தில் ஒருவர்தான். அவர் ஆரம்பிக்கும் மெட்டைத்தான் எல்லோரும் வாசிக்க வேண்டும். முக்கோணமும் ஒரு நேரத்தில் ஒன்றுதான், சவுவா கடையில் அது எழுதி வைக்கப்பட்ட விதி. ஃபிடில்கள் எத்தனை வேண்டுமானாலும் இருக்கலாம். ஆனால் தெரியாத மெட்டை உரக்கத் தேடக் கூடாது. வெளிவட்டத்தில் உட்காருங்கள். வில்லைத் தந்தியில் மெல்ல வைத்துக் கீழ் ஸ்தாயியில் கூடவே போங்கள். வயதானவர் யாராவது வந்தால் எழுந்து நாற்காலியைக் கொடுங்கள். யாராவது உங்களைப் பார்த்துத் தலையசைத்து உள்வட்டத்துக்குக் கூப்பிட்டால், தயங்காமல் போய், உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரே ஒரு வால்ட்ஸை வாசியுங்கள். இரண்டாவது வேண்டாம்.

போகும்போது வெறுங்கையோடு போகாதீர்கள். வழியில் ஒரு கடையில் பூடான் வாங்கிக்கொள்ளுங்கள். சோறும் பன்றியிறைச்சியும் மசாலாவும் குடலில் அடைத்து வேகவைத்தது, ஆறினால் ருசி போய்விடும். ஒன்பது மணிக்கெல்லாம் கடையில் இருங்கள், மதியத்தோடு கலைந்துவிடுவார்கள்.